ஒரு வருடம் நீளும் பஞ்சாரி

கேள்வி (உடுமலை வாசகர், ஜனவரி 9)

எந்த மேளமும் சில மணி நேரத்தில் முடிந்துவிடுகிறது. ஒரே தாளத்தை மாதக்கணக்கில், வருடக்கணக்கில் பரப்பி வாசிக்கிற கலை ஒன்றைக் கற்பனை செய்து பார்த்தேன். ஓர் அடிக்கும் அடுத்த அடிக்கும் நடுவே இரண்டு மாதம். அதைத் தாளம் என்று சொல்ல முடியுமா? முடியாது என்பது என் கட்சி. மனிதக் காது அவ்வளவு நேரம் காத்திருக்காது. அது வெறும் காலண்டர்.

ஜனவரி 9, இரவு

முடியும் தம்பி. காலண்டரில் 14-ஆம் தேதி நீ தூங்கினாலும் வந்துவிடும். தாளத்தில் அடுத்த அடியை ஒருவர் அடித்தால்தான் உண்டு. அது எப்போது விழும் என்று உள்ளுக்குள் எண்ணிக்கொண்டு இன்னொருவர் பக்கத்தில் நிற்கவும் வேண்டும். இந்த இரண்டு பேரும் இருந்தால் இடைவெளி எவ்வளவு நீண்டாலும் அது தாளம்தான்.

நான் பாலக்காட்டுச் சித்தூர்க்காரன். வீட்டில் தமிழ், கோயில் பறம்பில், அதாவது திடலில், மலையாளம். கோலால் அடிக்கிற செண்டை வரிசைக்குப் பின்னால் இலத்தாளம் என்கிற வெண்கலக் கைத்தாளம் பிடித்து நிற்கிற ஆள். கேரளக் கோயில்களில் வாசிக்கிற பஞ்சாரி என்ற செண்டை மேளத்தில் ஐந்து காலம், அதாவது ஐந்து வேகக் கட்டம் உண்டு. முதல் காலமான பதிகாலத்தில் தாளத்தின் ஒரு சுற்றுக்கு 96 அட்சரம், அதாவது 96 எண்ணிக்கை. அப்புறம் 48, 24, 12, கடைசியில் 6. ஒவ்வொரு படியிலும் சுற்று பாதியாகச் சுருங்கிக்கொண்டே போகும். ஐந்தாம் காலத்தில் அப்பா தோளில் இருக்கிற குழந்தைகூடக் கையை ஆட்டும். பதிகாலத்தில் அப்படி இல்லை. புதிதாகக் கேட்பவருக்கு ஏதோ இரைச்சல், அவ்வளவுதான்.

கற்றுக்கொண்ட காலத்தில் எனக்கும் அந்த 96 பிடிபடவே இல்லை. ஆசான் எண்ணச் சொல்லவில்லை. பக்கத்து ஆளின் தோளைப் பார்க்கச் சொன்னார். அடி விழுவதற்குக் கொஞ்சம் முன்னால் தோள் எழும்பும். அதைப் பார்த்துப் பார்த்து ஒரு நாள், பார்க்காமலே என் தோளும் எழும்பியது. அந்த நீளம் காதுக்குள் போவதற்கு முன்னால் உடம்புக்குள் போய்விட்டது. உன் இரண்டு மாத இடைவெளியையும் நான் அப்படித்தான் நினைக்கிறேன்.

ஜனவரி 10

காலையிலேயே கணக்குப் போட்டேன். கடைசிக் காலத்தின் ஒரு சுற்று 2 வினாடி என்று வைத்துக்கொள்வோம். பாதியாக்குவதற்குப் பதில் பின்பக்கமாக இரட்டிப்பாக்கிக்கொண்டே போனால் 4, 8, 16, 32. இது நிஜப் பஞ்சாரியின் ஐந்து படி. அங்கே நிற்காமல் மேலே போனால் இரட்டிப்பு 24-ஐத் தொடும்போது 3,35,54,432 வினாடி வருகிறது. நாள் கணக்கில் 388. ஒரு வருடத்தைக் கொஞ்சம் தாண்டிவிட்டது.

வெறும் 24 படிதான்! ஒரு மூச்சுக்குள் அடங்குகிற சுற்றிலிருந்து ஒரு வருடச் சுற்றுக்கு. எனக்கு ராத்திரி தூக்கம் போகும் போலிருக்கிறது.

இந்தக் கலைக்கு நெடுங்காலம் என்று பெயர் வைக்கிறேன். யாருக்காவது வேறு பெயர் தோன்றினால் சொல்லுங்கள்.

ஜனவரி 10, மாலை

388 நாள் என்றால் ஒவ்வொரு தடவையும் பருவம் தள்ளிக்கொண்டே போகுமே என்று பொள்ளாச்சி நண்பர் கேட்டிருக்கிறார். சரியான கேள்வி அண்ணா. கடைசிச் சுற்றை 2 வினாடிக்குப் பதில் 1.88 வினாடியாக எடுத்தால் மேலே சரியாக ஒரு வருடம் வந்துவிடும். ஐந்தாம் காலத்தில் அந்த வேகம் கைக்கு வரக்கூடியதுதான்.

இப்போது முழு அமைப்பையும் பாருங்கள். முதல் காலம் ஒரு வருடம். இரண்டாவது ஆறு மாதம். அப்புறம் மூன்று மாதம், ஒன்றரை மாதம், 23 நாள், 11 நாள் என்று இறங்கி 25-ஆம் காலத்தில் 1.88 வினாடி. எல்லாவற்றையும் கூட்டினால் இரண்டு வருடம். இதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. எந்தக் காலம் முடிந்தாலும், இப்போது முடிந்தது எவ்வளவு நீளமோ ஏறக்குறைய அதே நீளம்தான் மேளத்தில் மிச்சம் இருக்கும். முதல் வருடம் முடிந்ததும் மிச்சம் ஒரு வருடம். ஆறு மாதக் காலம் முடிந்ததும் மிச்சம் ஆறு மாதம். எப்போதும் பாதி வழியிலேயே நிற்பீர்கள். கடைசி ஒன்றரை நாளுக்குள் 16 காலம் நெருக்கியடித்துக்கொண்டு வரும்.

ஜனவரி 13

ஆறு அட்சரம் எங்கே விழும் என்பதை யோசித்தேன். யோசிக்கவே தேவையில்லை, ஏற்கெனவே இருக்கிறது. தொல்காப்பியம் வருடத்தை ஆறு பெரும்பொழுதாகப் பிரிக்கிறது. கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில். ஒவ்வொன்றும் இரண்டு மாதம். பஞ்சாரியின் ஆறும் இந்த ஆறும் ஒன்றன்மேல் ஒன்று அப்படியே உட்காருகிறது.

தொடக்கம் கார், அதாவது ஆவணி. மலையாளத்தில் அதுவே சிங்ஙம், கொல்லம் ஆண்டின் முதல் மாதம். தமிழ் இலக்கணக் கணக்கிலும் மலையாளக் கணக்கிலும் முதல் அடி ஒரே இடத்தில் விழுகிறது. எல்லையில் இருக்கிற எங்களுக்கு இதைவிட என்ன வேண்டும்?

ஒரு சிக்கல் உண்டு. ஆனி, ஆடியை இலக்கணம் முதுவேனில் என்கிறது. பாலக்காட்டில் அப்போது இடவப்பாதி மழை கொட்டிக்கொண்டிருக்கும். ஆறாவது அடி ஒருவருக்கு வெயிலிலும் இன்னொருவருக்கு மழையிலும் கேட்கும். அது அப்படியே இருக்கட்டும். கொழிஞ்சாம்பாறைக்குக் கிழக்கே பனைமரக் காட்டில் நின்றால் மேற்கே மழை இறங்குவதைக் காய்ந்த மண்ணிலிருந்தே பார்க்கலாம். இரண்டும் நாங்கள் பார்க்கிற பருவம்தான்.

ஜனவரி 14

பொங்கல் வேலையில் இருக்கிறேன். ஒன்று மட்டும். பகலிரவுக்கும் ஆறு சிறுபொழுது உண்டு. மாலை, யாமம், வைகறை, காலை, நண்பகல், எற்பாடு. ஒவ்வொன்றும் பத்து நாழிகை, நான்கு மணி நேரம். வருடத்துக்கு ஆறு, நாளுக்கும் ஆறு. பெரிய சுற்றுக்குள் சின்னச் சுற்று. இதைப் பிடித்துக்கொண்டால் தம்பியின் கேள்விக்குப் பதில் வந்துவிடும். அப்புறம் எழுதுகிறேன்.

ஜனவரி 19

கோவையிலிருந்து ஒருவர் எழுதியிருக்கிறார்: 'இது கற்பனையே இல்லை, ஜெர்மனியில் நடந்துகொண்டிருக்கிறது.' உண்மைதான். ஹால்பர்ஸ்டாட் ஊரில் பழைய தேவாலயம் ஒன்றில் ஜான் கேஜ் எழுதிய ஆர்கன் இசையை 2001-இல் தொடங்கி 2640 வரை, 639 வருடத்துக்கு வாசிக்க ஏற்பாடு. தொடங்கியதே மௌனத்தில், முதல் ஒலி 2003-இல்தான் வந்தது. சுரம் மாறுகிற நாளில் உலகம் முழுவதிலிருந்தும் ஆட்கள் கூடுகிறார்கள். 2024 பிப்ரவரியில் ஒரு மாற்றம் நடந்தது.

அந்த ஏற்பாட்டின் மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் நெடுங்காலம் வேறு. அங்கே குழாய்க்குள் காற்று போய்க்கொண்டே இருக்கிறது, ஒலி நின்றுகொண்டே இருக்கிறது. நீண்ட ஒலிக்குள் சின்ன அடிகள் கிடையாது. பஞ்சாரியின் 96 அட்சரம் எங்கள் ஊர்ச் சனங்களுக்குப் புரிவதற்குக் காரணம், அதற்குள்ளே கோல்கள் இடைவிடாமல் பேசிக்கொண்டிருப்பதுதான். செண்டையையும் இலத்தாளத்தையும் நிறுத்திவிட்டு, 96-க்கு ஒரு தடவை மட்டும் அடியுங்கள் பார்க்கலாம். நானே தொலைந்துபோவேன்.

திருவில்வாமலைக்குப் பக்கத்தில் குத்தாம்புள்ளி என்று நெசவாளர் ஊர். அங்கே தறியைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது விளங்கும். பாவு நீளமாக ஓடும், ஆனால் ஊடை குறுக்கே போகாமல் அது துணி ஆகாது. இரண்டு மாத அடி பாவு. நான்கு மணி நேர அடி ஊடை. முதல் வருடம் முழுக்க, ஆறு பெரிய அடிக்கு நடுவே, ஒவ்வொரு நாளும் ஆறு சின்ன அடி விழுந்துகொண்டே இருக்க வேண்டும். வெறும் பெரிய அடி மட்டும் என்றால் தம்பி சொன்ன மாதிரி காலண்டர்தான்.

ஜனவரி 20

திருவில்வாமலை என்று எழுதியதும் இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஐந்து கருவி சேர்ந்து வாசிக்கிற பஞ்சவாத்தியத்தை, இன்று நாம் கேட்கிற வடிவில், 1930களில் வடிவமைத்தவர்களில் முக்கியமானவர் அந்த ஊர் மத்தளக்காரர் வெங்கிச்சன் சாமி, அதாவது வேங்கடேஸ்வர ஐயர். தமிழ்க் குடும்பம். அன்னமனடை அச்சுத மாரார் போன்ற திமிலை ஆசான்களோடு சேர்ந்து செய்த வேலை. திமிலை, மத்தளம், இடக்கா என்று மூன்று தோல் கருவி, கூடவே இலத்தாளம், ஊதுகிற கொம்பு. பதிகாலத்தில் 896, அப்புறம் 448, 224, 112, 56 என்று இறங்கும் கோபுரம் அது. இரண்டு மொழிக்காரர்கள் சேர்ந்து உட்கார்ந்து, பழைய வழக்கத்தை எடுத்து, காலத்தை இப்படி அடுக்கினார்கள். நூறு வருடம்கூட ஆகவில்லை. புதிய கலை பிறக்காது என்று யாரும் சொல்ல வேண்டாம்.

பிப்ரவரி 2

உடுமலைத் தம்பி விடவில்லை. 'சரி, சின்ன அடி இருக்கட்டும். இரண்டு மாதம், ஒரு வருடம் சரி. 639 வருடம்? எங்கே நிறுத்துவது?' என்று கேட்கிறார்.

எங்கள் பெரியம்மா 1979-இல் காஞ்சிபுரம் போய் அத்திவரதரைப் பார்த்தவர். 2019-இல் குளத்திலிருந்து மறுபடி எழுந்தருளியபோது பிள்ளைகள் தடுத்தும் கேட்காமல் போனார். அந்தக் கூட்டத்தில் அவர் மாதிரி இரண்டாவது தடவை வந்தவர்கள் தனியாகத் தெரிந்தார்களாம். முதல் தடவை வந்தவர்கள் பெருமாளைப் பார்த்தார்கள். இவர்கள் பெருமாளையும் பார்த்தார்கள், நடுவில் போன நாற்பது வருடத்தையும் பார்த்தார்கள். பெரியம்மா திரும்பி வந்து சாமியைப் பற்றிப் பேசியதைவிட, போன தடவை கூட வந்தவர்களைப் பற்றித்தான் அதிகம் பேசினார். ஒரு தாளத்தில் இரண்டு அடியைக் கேட்டவர் பேசுகிற பேச்சு அது.

முதல் நாள் 'எவ்வளவு நீண்டாலும்' என்றேன், அதைத் திருத்திக்கொள்கிறேன். இதிலிருந்து எனக்கு ஒரு விதி கிடைத்தது. இரண்டு அடியை ஒரே ஆள் கேட்க முடிகிற வரைதான் தாளம். அதற்கு மேல் போனால் வரலாறு. மனித ஆயுளுக்கு நாற்பது வருடம் கிட்டத்தட்ட எல்லை. குறிஞ்சிப் பூவின் 12 வருடம் நல்ல நடை. 2006, 2018 இரண்டையும் மூணாறில் பார்த்தவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள், 2030-க்கும் காத்திருக்கிறார்கள். திருவனந்தபுரம் பத்மநாபசாமி கோயில் முறைஜபம் ஆறு வருடத்துக்கு ஒரு தடவை, எட்டு எட்டு நாளாக ஏழு முறை, ஆக 56 நாள். பெரிய சுற்றுக்குள் சின்னச் சுற்று அங்கேயும் இருக்கிறது.

பிப்ரவரி 2, பின்குறிப்பு

'வரலாறு' என்று சொன்னது மட்டமாகச் சொன்னது இல்லை. அது வேறு கலை, அவ்வளவுதான்.

பிப்ரவரி 16

'யாம அடியை யார் கேட்பார்கள்? ராத்திரி பத்து மணிக்கும் இரண்டு மணிக்கும் ஊரே தூங்கும். கேட்க ஆள் இல்லாத கலை எதற்கு?' இது பொள்ளாச்சி அண்ணன்.

நேற்று ராத்திரி தோல்பாவைக்கூத்துக்குப் போயிருந்தேன். பகவதி கோயில் கூத்துமாடத்தில் 42 அடி நீளத் திரை, அதற்குப் பின்னால் தேங்காய் மூடியில் 21 விளக்கு. பாடுவது கம்பராமாயணம், மலையாள நாட்டின் நடுவே கம்பனின் விருத்தம்! விளக்கவுரை இரண்டு மொழியும் கலந்து போகும். கோயிலைப் பொறுத்து 7, 14, 21 இரவு என்று நடக்கும். நடுராத்திரிக்கு மேல் முன்னால் உட்கார்ந்திருந்தவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். திரைக்குப் பின்னால் பாட்டு ஒரு சொல்கூடக் குறையவில்லை. தாரிகன் என்ற அசுரனோடு சண்டையில் இருந்ததால் ராம ராவண யுத்தத்தைப் பார்க்க முடியாமல் போன பத்ரகாளிக்காகத்தான் இந்தக் கூத்து. அவள் கேட்கிறாள் என்பது போதும். மனிதர்கள் வந்தால் சந்தோஷம்.

அங்கே உட்கார்ந்திருந்தபோது எனக்குத் தெளிவாகிவிட்டது. நெடுங்காலத்தில் ஒவ்வொரு அடிக்கும் ஊர் கூட வேண்டியதில்லை. அடிக்கிறவரும், அடுத்த முறைக்காரரும், இரண்டே பேர் போதும். யாம அடியை வயலுக்குத் தண்ணீர் திருப்ப ராத்திரி விழித்திருப்பவர்கள் எடுத்துக்கொள்ளலாம். பரம்பிக்குளம் ஆழியாறு ஒப்பந்தத் தண்ணீர் சித்தூர்ப் பக்கத்துக்கு முறை வைத்துத்தான் வருகிறது. ராத்திரி மடை திறப்பவருக்கு நேரம் நம் எல்லாரையும்விட நன்றாகத் தெரியும்.

மார்ச் 5

சித்தூரில் கொங்கன்படை முடிந்தது. கொங்கு ராஜாவின் படையைப் பகவதி துணையோடு விரட்டியதைக் கொண்டாடுகிற திருவிழா. கொங்கு நாட்டுத் தமிழர்களும் கூட்டத்தில் நின்று பார்க்கிறார்கள், நானும்தான். பழைய சண்டை ஒன்று வருடா வருடம் அதே மாதத்தில் திரும்பி வந்து விழாவாகிவிட்டது. கூட்டத்தில் நிற்கும்போதுதான் பெரிய ஆறு அடியை எங்கே அடிப்பது என்பது தோன்றியது.

எல்லைச் சாலைகளில். வாளையாறு, வேலந்தாவளம், நடுப்புணி, கோபாலபுரம், மீனாட்சிபுரம், கோவிந்தாபுரம். லாரிகள் நிற்கிற சோதனைச்சாவடி ஊர்கள். கார்ப் பருவத்து அடி வாளையாற்றில், முதுவேனில் அடி கோவிந்தாபுரத்தில். ஒவ்வொரு அடிக்கும் இந்தப் பக்கத்திலிருந்து ஒருவர், அந்தப் பக்கத்திலிருந்து ஒருவர். இரண்டு இலத்தாளமும் ஒரே சமயத்தில் சேர வேண்டும். எந்த மொழியில் எண்ணினாலும் அடி ஒன்றாக விழுந்தால் சரி.

மார்ச் 6

கிணத்துக்கடவு வாசகர் கேட்டது: முறைக்காரர் நடுவில் இறந்துபோனால்?

இதற்காகத்தான் ஒவ்வொரு அடிக்கும் பக்கத்தில் இன்னொருவர் நிற்க வேண்டும் என்று முதல் நாளே சொன்னேன். போன வருடம் எங்கள் குழுவில் மூத்த கொம்புக்காரர் ஒருவர் போய்விட்டார். அடுத்த மேளத்தில் அவர் இடத்தில் அவர் பக்கத்தில் நிற்கிறவரே கொஞ்சம் நகர்ந்து நின்றார். யாரும் சொல்லவில்லை. வாசிப்பில் ஒரு சொட்டு வித்தியாசம் தெரிந்தது, அது தெரிய வேண்டியதுதான்.

ஏப்ரல் 4

நெம்மாறை வேலா என்கிற கோயில் திருவிழா முடிந்து வந்து எழுதுகிறேன். தொண்டை கட்டியிருக்கிறது, கை வலி. மலையாள மீன மாதம் இருபது, நெம்மாறையும் வல்லங்கியும் இரண்டு ஊர் அணியாகப் பிரிந்து யானை, பந்தல், வாணவேடிக்கை எல்லாவற்றிலும் போட்டி. பஞ்சவாத்தியத்தில் பதிகாலம் போய்க்கொண்டிருந்தபோது ஒரு பள்ளிக்கூடப் பையன் என் முன்னால் வந்து நின்றான். ஆரம்பத்தில் கூட்டத்தைப் பார்த்துக் கை ஆட்டினான், அடி தவறியது. மறுபடி தவறியது. அப்புறம் எங்கள் கையையும் தாளத்தையும் பார்க்காமல் கண்ணை மூடிக்கொண்டு நின்றான். அடுத்த சுற்றில் அவன் கை சரியாக மேலே போனது. அவன் அம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை, அவனை இழுத்துக்கொண்டு யானையைக் காட்டப் போய்விட்டார்.

தம்பி, மனிதக் காது காத்திருக்காது என்று நீ சொன்னாயே, அந்தப் பையனின் காது காத்திருந்தது.

ஏப்ரல் 7

பெருவனம் பக்கத்து மேளக்காரர் ஒருவர் மலையாளத்தில் எழுதியதைத் தமிழில் தருகிறேன். 'கடைசிக் காலம் ஒரே ஒரு சுற்று, 1.88 வினாடி என்றால் மேளம் வாசிக்கிற எந்த மாராரும் சம்மதிக்க மாட்டார். நிஜப் பஞ்சாரியில் ஒவ்வொரு காலமும் பல சுற்று உண்டு. இரண்டு வருடம் காத்துவிட்டு ஒரு தட்டோடு முடிப்பதா?'

அவர் சொல்வது மேளத்தின் உள்ளே இருந்து வருகிற நியாயம். ஆகவே இப்படி வைப்போம். முதல் 24 காலத்துக்கும் கணக்கு உண்டு, நாழிகை பிசகக்கூடாது. 25-ஆம் காலத்துக்குக் கணக்கே வேண்டாம். ஆறு ஊர்க்காரர்களும் ஒரே பறம்பில் கூடி, கை ஓயும்வரை, கூட்டம் போதும் என்கிறவரை அடிக்கட்டும். கலாசம், அதாவது முடிப்பு, எடுக்கிற நேரத்தை மூத்தவர் தீர்மானிக்கட்டும்.

ஏப்ரல் 11

முடிந்ததும் உடனே அடுத்ததைத் தொடங்கலாமா என்று மூன்று பேர் கேட்டாயிற்று. வேண்டாம். இரண்டு வருடம் வாசிப்பு, நான்கு வருடம் சும்மா. ஆறு வருடத்துக்கு ஒரு தடவை ஆவணி முதல் நாள் வாளையாற்றில் தொடக்கம். பத்து வயதில் முதல் தடவை கேட்கிறவன் பதினாறில் தாளத்தைக் கையில் பிடிக்கலாம், இருபத்திரண்டில் இன்னொருவனைப் பக்கத்தில் நிறுத்திக்கொள்ளலாம்.

அந்த நான்கு வருடம் முறைப் பட்டியலை வைத்திருக்க ஒரு வீடு வேண்டும். தமிழும் மலையாளமும் வாசிக்கத் தெரிந்த வீடாக இருந்தால் நல்லது. கோபாலபுரம் பக்கத்தில் யாராவது முன்வந்தால் எனக்கு எழுதுங்கள். முன்பனி அடிக்கும் இன்னும் அந்தப் பக்கத்து ஆள் கிடைக்கவில்லை.